கணவர் கண்ட நோய்

அல்சைமர் நோயைக் கண்டுபிடித்தவர் யார் என்றால், பெயரிலேயே விடை இருக்கிறது. ஆனால் டாக்டர் அலாய்ஸ் அல்சைமருக்கு முன்பே அதை வீட்டுக்குள் கண்டவர் ஒருவர் உண்டு: கார்ல் டீட்டர், ஜெர்மனியின் ஃபிராங்ஃபர்ட்டில் ரயில்வே குமாஸ்தா.

1901-இல் அவர் மனைவி அகுஸ்தேவிடம் முதலில் தெரிந்தது மறதி அல்ல, சந்தேகம். பக்கத்து வீட்டுப் பெண்ணோடு கணவருக்குத் தொடர்பு என்றார். கல்யாணமாகி 28 ஆண்டுகள் கழித்து! இதை நோயென்று எந்தக் கணவர் நினைப்பார்? சண்டை என்றுதானே நினைப்பார். பிறகு சமையல் கெட்டது. பொருள்களை எங்கெங்கோ ஒளித்துவைத்தார். தன்னைக் கொல்ல வருகிறார்கள் என்று அலறினார். அந்த ஆண்டு நவம்பர் 25-ஆம் தேதி மனநல மருத்துவமனையில் சேர்த்தார்கள்.

மறுநாள், அங்கே மருத்துவராக இருந்த அல்சைமர் அவரிடம் பெயர் கேட்டார். “அகுஸ்தே.” குடும்பப் பெயர்? “அகுஸ்தே.” கணவர் பெயர்? அதற்கும் அகுஸ்தேதான். காலிஃபிளவரும் பன்றிக்கறியும் சாப்பிட்டுக்கொண்டே, சாப்பிடுவது கீரை என்றார். நோயாளி பேசியதை அப்படியே எழுதிவைத்தாரே, அதுதான் அல்சைமரின் பெருமை என்பேன். நுண்ணோக்கி அப்புறம்தான்.

கார்லுக்கோ செலவு கட்டுப்படியாகவில்லை. மலிவான இடம் தேடினார். ஆனால் மனைவி அதே மருத்துவமனையிலேயே இருந்து, 1906 ஏப்ரலில் இறந்தார். அதற்குள் மியூனிக் போயிருந்த அல்சைமர் மூளையை வரவழைத்துப் பார்த்தார். நரம்பணுக்களுக்குள் இழைகள் முறுக்கிக் கிடந்தன. வெளியே ஏதோ படிவுகள். நவம்பரில் டூபிங்கன் மாநாட்டில் இதைச் சொன்னபோது ஒருவரும் ஒரு கேள்வி கேட்கவில்லை.

1910-இல் எமில் கிரெப்லின் தம் பாடநூலில் நோய்க்கு அல்சைமரின் பெயரைச் சூட்டினார். சூட்டிய விதத்தில்தான் வினை. அகுஸ்தே மருத்துவமனைக்கு வந்தபோது வயது 51. ஆகவே இது நடுவயதில் வரும் அபூர்வ நோய் என்றாகிவிட்டது. எழுபது வயதுக்காரர் அதேபோலத் தடுமாறினால்? வயதாகிவிட்டது, அவ்வளவுதான். 51 வயதுக்காரியின் குடும்பத்துக்கு ஒரு நோயின் பெயராவது கிடைத்தது. 75 வயதுக்காரியின் மகளுக்கு அதுவும் இல்லை. அம்மா வேண்டுமென்றே படுத்துகிறாள் என்று அவள் நினைத்திருந்தால் குற்றம் சொல்ல முடியுமா?

நடுவயதில் வருவதும் முதுமையில் வருவதும் ஒரே நோய்தான் என்று அமெரிக்க நரம்பியல் மருத்துவர் ராபர்ட் கட்ஸ்மன் அடித்துச் சொன்னது 1976-இல். நோயாளிகளின் குடும்பத்தாருக்கான சங்கம் அமெரிக்காவில் 1980-இல் உருவானது. மறு ஆண்டு நான்சி மேஸும் பீட்டர் ராபின்ஸும், பராமரிப்பவர்களுக்கென்றே ஒரு கையேடு எழுதினார்கள். அதற்கு அவர்கள் வைத்த தலைப்பு: ‘36 மணி நேர நாள்’.