காமன்ஸ் சபையில் மாதர்

பிரிட்டிஷ் காமன்ஸ் சபைக்கு முதன்முதலாகத் தேர்ந்தெடுக்கப்பட்ட ஸ்திரீ அச்சபையில் ஒரு நாளேனும் உட்கார்ந்தவரல்லர். 1918-ம் வருஷம் டிசம்பர் மாதத் தேர்தலில் டப்ளின் நகரத் தொகுதியொன்றின் ஜனங்கள் மார்க்கீவிச் சீமாட்டியைத் தெரிந்தெடுத்தபோது, அவர் லண்டன் ஹாலோவே சிறையில் கைதியாக இருந்தார். அதற்கு இரண்டரை வருஷங்களுக்கு முன், 1916-ம் வருஷத்து ஈஸ்டர் கிளர்ச்சியில் ஆயுதந் தாங்கியதற்காக அவருக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டிருந்தது. ஸ்திரீ என்னும் ஒரே காரணத்தினால் அத்தண்டனை ஆயுட்காலச் சிறைவாசமாகக் குறைக்கப்பட்டது. அத்தேர்தலில் நின்ற மாதர் பதினேழு பேர்; வென்றவர் இவர் ஒருவரே. அரசருக்கு விசுவாசப் பிரமாணஞ் செய்து வெஸ்ட்மினிஸ்டரில் அமர்வதில்லையென்பது ஐரிஷ் தேசியவாதிகளின் சங்கற்பம். 1919-ம் வருஷம் ஜனவரியில் டப்ளினில் கூடிய ஐரிஷ் ஜனசபையையே தம் சபையாகக் கொண்டு, விடுதலையான பின் அதில் தொழில் மந்திரி பதவியையும் வகித்தார். ஏகாதிபத்தியத்தின் தலைமைச் சபைக்கு ஒரு பெண்மணி தேர்ந்தெடுக்கப்பட்ட முதற் சரித்திரம், அச்சபையைத் துச்சமாகத் தள்ளிய சரித்திரமாக முடிந்ததை நமது நாட்டார் ரஸிக்காமலிரார்.

இத்தேர்தலுக்குச் சில வாரங்களுக்கு முன், 1918-ம் வருஷம் நவம்பரில், மாதர் பார்லிமெண்டில் அமரலாம் என்னும் சட்டம் நிறைவேறிற்று. பிரிட்டிஷ் சட்டப் புத்தகத்திலுள்ள மிகச் சுருக்கமான சட்டங்களில் இதுவும் ஒன்று. அதன் முக்கிய ஷரத்து ஒரே வாக்கியந்தான். பாலினத்தாலோ விவாகத்தாலோ எந்த ஸ்திரீக்கும் தகுதியின்மை கிடையாது என்று அது சொல்லிற்று. ஆனால் அவ்வருஷம் பிப்ரவரியில் நிறைவேறிய வோட்டுரிமைச் சட்டம், முப்பது வயது நிரம்பி, சொத்துத் தகுதியும் உள்ள மாதருக்கே வோட்டளித்தது. ஆகவே இருபத்தொரு வயதுப் பெண் அபேட்சகராக நின்று அங்கத்தினராகலாம். தனக்குத்தானே வோட்டுப் போட்டுக்கொள்ள முடியாது! இந்த விபரீதம் 1928-ம் வருஷத்தில்தான் நீங்கிற்று.

சட்டம் தகுதியின்மையை நீக்கியது உண்மை. ஆனால் தொகுதியைக் கொடுப்பது சட்டமன்று. கட்சியின் ஸ்தலக் கமிட்டி. அக்கமிட்டிகள் எத்தகைய மாதரை முதலில் ஏற்றுக்கொண்டன என்று பார்ப்போம். சபையில் முதன்முதலாக அமர்ந்தவர் ஆஸ்டர் சீமாட்டி. தகப்பனார் இறந்ததனால் இவருடைய கணவர் பிரபுக்கள் சபைக்குச் செல்ல நேரிட்டது. காலியான பிளிமத் தொகுதியில் 1919-ம் வருஷம் நவம்பரில் இவர் நிறுத்தப்பட்டு வென்றார். இரண்டாமவர் விண்ட்ரிங்ஹாம் அம்மையார். இவருடைய கணவர் 1921-ம் வருஷத்தில் அங்கத்தினராக இருக்கையிலேயே காலமானார். அவ்விடத்திற்கு நின்ற அம்மையார் துக்கத்தை முன்னிட்டு ஒரு பிரசங்கங்கூடச் செய்யாமலே ஜெயித்தார். மூன்றாமவர் நாடக மேடையில் புகழ்பெற்றிருந்த பிலிப்ஸன் அம்மையார். இவருடைய கணவரின் தேர்தல், ஏஜெண்டு செய்த முறைகேட்டினால் ரத்தாயிற்று. 1923-ம் வருஷம் அதே தொகுதியில் மனைவி நின்றார். இவர் வேறு கட்சியின் பெயரால் நின்றுங்கூட ஜனங்கள் இவரைத் தேர்ந்தெடுத்தார்கள். ஒரு கணவர் உயர்ந்தார், ஒருவர் இறந்தார், ஒருவர் பதவியிழந்தார். மூன்று மனைவியர் சபைக்கு வந்தனர். மாதர் வோட்டுரிமைக்காக ஐம்பது வருஷம் போராடிச் சிறை சென்றவர்களில் ஒருவரும் இம்மூவரில் இல்லை.

இதனால் இம்மூவரையும் தாழ்வாக எண்ணிவிடலாகாது. அறுநூறுக்கு மேற்பட்ட ஆடவர் நடுவே இரண்டு வருஷகாலம் தனி ஸ்திரீயாக ஆஸ்டர் சீமாட்டி அமர்ந்திருந்தார். தமக்கு வெகுகாலமாகப் பழக்கமானவர்களே தாழ்வாரத்தில் எதிர்ப்பட்டால் பேசாமற் போனார்கள் என்று பிற்காலத்தில் அவரே சொல்லியிருக்கிறார். நாடெங்குமிருந்து மாதர் எழுதிய கடிதங்கள் அவருக்கு வந்து குவிந்தன. அவர்களுக்கு அதுவரையில் தம் குறைகளை எழுத ஓர் அங்கத்தினர் கிடையாதே! பதினெட்டு வயதுக்குட்பட்டவருக்கு மதுபானம் விற்பதைத் தடுக்கும் சட்டத்தை 1923-ம் வருஷத்தில் அவர் நிறைவேற்றினார். தனி அங்கத்தினராக ஒரு ஸ்திரீ கொண்டுவந்து சட்டமான முதல் மசோதா அது.

பிரபுக்கள் சபையின் சங்கதி வேறு. பாலினத்தால் வரும் தகுதியின்மைகளை நீக்க 1919-ம் வருஷத்தில் ஒரு பொதுச் சட்டம் செய்யப்பட்டது. தம் தகப்பனாரின் பிரபுப் பட்டத்துக்கு வாரிசான ராண்டா சீமாட்டி அதை ஆதாரமாகக் கொண்டு சபையில் இடங்கேட்டார். 1922-ம் வருஷத்தில் அச்சபையின் உரிமைக் கமிட்டி முதலில் அவருக்கு அநுகூலமாகவும், பிறகு பிரதிகூலமாகவும் தீர்ப்பளித்தது. சொற்கள் தெளிவாயிருந்தும் கருத்து அதுவன்று என்று வியாக்கியானஞ் செய்யும் கலையில் பிரிட்டிஷ் நியாயவாதிகளுக்கு நிகர் எவருமிலர். 1958-ம் வருஷத்துச் சட்டத்தினாலேயே மாதர் அச்சபையில் ஆயுட்கால அங்கத்தினராக நுழைந்தனர். ராண்டா சீமாட்டி அவ்வருஷமே காலமானார்.

கணவர் வழியாக அன்றித் தம் சொந்த உழைப்பினால் வந்தவர்களில் இருவரைப் பற்றிச் சொல்ல வேண்டும். மார்கரெட் பாண்ட்பீல்ட் சிறுவயதிலேயே கடைச் சிப்பந்தியாக வேலைசெய்து, தொழிற்சங்கத்தில் உயர்ந்து, 1929-ம் வருஷத்தில் தொழில் மந்திரியானவர். பிரிட்டிஷ் மந்திரி சபையின் முதல் பெண் மந்திரி இவரே. வேலையில்லாத் திண்டாட்டம் உச்சத்திலிருந்த அக்காலத்தில், விவாகமான மாதருக்கு உதவித்தொகை பெறுவதைக் கடினமாக்கிய 1931-ம் வருஷத்துச் சட்டம் இவர் இலாகாவிலிருந்தே புறப்பட்டது. ஸ்திரீ மந்திரியானால் ஸ்திரீகளின் குறை தானே தீருமென்று எண்ணுவோர் இதைக் கவனிக்க. கஜானா காலியாயிருக்கும்போது மந்திரி ஆணாயினும் பெண்ணாயினும் கஜானாவுக்கே மந்திரி. அவ்வருஷத் தேர்தலில் அவர் தோல்வியுற்றார்.

மற்றவர் எலியனார் ராத்போன். சர்வகலாசாலைத் தொகுதியிலிருந்து கட்சிச் சார்பின்றி 1929-ம் வருஷத்தில் வந்தவர். குழந்தை வளர்க்கும் தாய்க்கு ராஜாங்கம் பணந்தர வேண்டுமென்பது இவருடைய வாழ்நாள் விரதம். 1945-ம் வருஷத்தில் குடும்பப் படி மசோதா வந்தபோது, அத்தொகை தகப்பனுக்குச் சேரும்படி எழுதப்பட்டிருந்தது. அப்படியானால் நான் பாடுபட்ட மசோதாவை நானே எதிர்ப்பேன் என்று அவர் உறுதியாக நின்றார். சர்க்கார் இறங்கி வந்து அங்கத்தினர் இஷ்டத்துக்கு விட்டது. தொகை தாயின் கைக்கே சேருமென்று திருத்தப்பட்டது. 1946-ம் வருஷம் ஆகஸ்டில் தாய்மார்கள் முதல் தொகையைப் பெற்றபோது அவர் உயிரோடில்லை. அவ்வருஷ ஜனவரியிலேயே மறைந்துவிட்டார்.

இவ்வம்மையார் நமது நாட்டு விஷயத்திலும் தலையிட்டதுண்டு. இந்தியாவில் பால்ய விவாகம் முதலிய கேடுகளைப் பற்றி லண்டனில் 1929-ம் வருஷம் அக்டோபரில் ஒரு மகாநாடு கூட்டினார். அங்கிருந்த தன்வந்தி ராமராவ் அம்மையார் எழுந்து, எங்கள் சமூகக் குறைகளை எங்களைக் கலக்காமல் ஆராய உங்களுக்கு என்ன பாத்தியதை என்று கேட்டார். பால்ய விவாகத்தைத் தடுக்கும் சாரதா சட்டம் அதற்கு முந்திய மாதமே இந்தியச் சட்டசபையில் நிறைவேறியிருந்தது. ராத்போன் அம்மையாரின் நல்லெண்ணத்தை நாம் சந்தேகிக்கவில்லை. ஆனால் 1935-ம் வருஷத்து இந்திய சர்க்கார் சட்டத்தைப் பற்றிய விவாதத்திலும், கணவனுடைய சொத்தின் பேரில் மனைவிக்கு வோட்டளிக்கும் முறையை அவர் ஆதரித்தார். வயது வந்தோர் எல்லோருக்கும் வோட்டு வேண்டுமென்று நமது மாதர் சங்கங்கள் கோரின. சட்டமாக வந்தது கணவன் சொத்து முறைதான். வெஸ்ட்மினிஸ்டருக்குள் மாதர் நுழைந்த அதே வாயிலை நமக்கும் அநுப்பி வைத்தார்கள் போலும்!

சபையில் இருந்த சிலரால் எவ்வளவு சாதிக்கலாம், எவ்வளவு முடியாது என்பதற்கு 1944-ம் வருஷம் மார்ச்சு மாதத்து நிகழ்ச்சியொன்றைச் சொல்லலாம். கல்வி மசோதாவில் ஆசிரியைகளுக்கும் ஆசிரியர்களுக்கும் சம சம்பளம் வேண்டுமென்று கன்ஸர்வேடிவ் கட்சியைச் சேர்ந்த தெல்மா காஸலெட்-கீர் ஒரு திருத்தங் கொண்டுவந்தார். 117 வோட்டுக்கு 116 வோட்டாக, ஒரே வோட்டில், திருத்தம் நிறைவேறியது. யுத்தகாலத்தில் சர்க்கார் அடைந்த முக்கியத் தோல்வி அது. பிரதம மந்திரி சர்ச்சில் மறுபடி வோட்டெடுக்கச் செய்து, இது என் மந்திரி சபையின் மீதுள்ள நம்பிக்கையைப் பற்றிய கேள்வி என்றார். இரண்டு நாளில் 425-க்கு 23 என்று திருத்தம் மாண்டது. ஹிட்லரை எதிர்த்து நிற்கும் சர்க்காரை ஆசிரியையின் சம்பளத்துக்காக எவர் கவிழ்ப்பார்?

பின் வந்த முப்பது நாற்பது வருஷங்களில் அதிக மாறுதலில்லை. 1945-ம் வருஷத்தில் மாதர் 24 பேர். மார்கரெட் தாட்சர் பிரதம மந்திரியான 1979-ம் வருஷத் தேர்தலில் வென்ற மாதர், அவர் உட்பட, 635 பேரில் 19 பேரே! ஒரு பெண்மணி சிகரத்தில் நின்றதைக் கண்ட உலகம், அடிவாரத்திலிருந்த எண்ணிக்கை குறைந்திருந்ததைக் கவனிக்கவில்லை. பின்லாந்தில் 1907-ம் வருஷம் நடந்த முதல் தேர்தலிலேயே 200 பேரில் 19 மாதர் வந்தார்கள். வீட்டு வேலைக்காரியாக இருந்த மீனா சில்லன்பா என்பவர் அவர்களில் ஒருவர். அங்கே கட்சிகள் பல பெயர்களடங்கிய ஜாபிதாவை ஜனங்கள் முன் வைக்கும். பிரிட்டனில் தொகுதிக்கு ஒருவர். ஒருவரைத்தான் நிறுத்தலாமென்றால் கமிட்டி ஆடவரையே நிறுத்தும்.

தொழிற்கட்சி 1993-ம் வருஷத்தில் இதற்குப் பரிகாரந் தேடி, வெல்லக்கூடிய சில தொகுதிகளில் மாதரை மட்டுமே பரிசீலிப்பதென்று விதி செய்தது. விலக்கப்பட்ட இரண்டு ஆடவர் வழக்குத் தொடர்ந்தனர். ஆண் பெண் பாரபட்சத்தைத் தடுக்கும் 1975-ம் வருஷச் சட்டத்துக்கு இவ்விதி விரோதமென்று 1996-ம் வருஷத்தில் தொழில் டிரிப்யூனல் தீர்ப்பளித்தது. அதற்கு முன்பே தெரிந்தெடுக்கப்பட்டவர்கள் நின்றதனால் 1997-ம் வருஷத்தில் மாதர் எண்ணிக்கை ஒரேயடியாக 60-லிருந்து 120 ஆயிற்று. விதி நின்றுபோன பின் 2001-ம் வருஷத்தில் 118 ஆகக் குறைந்தது. மறு வருஷமே இவ்வேற்பாட்டை அநுமதிக்கும் சட்டம் செய்யப்பட்டது. 2024-ம் வருஷத் தேர்தலில் 650 பேரில் 263 மாதர் வந்தனர்.

எண்ணிக்கை பெருகியும் கட்டடம் பழையதாகவே இருந்தது. பார்லிமெண்டு மாளிகையில் துப்பாக்கி சுட்டுப் பழக இடமிருந்தது. குழந்தைகளை விட ஓர் இடம் 2010-ம் வருஷத்தில்தான், மதுபானசாலையொன்றை மாற்றி, ஏற்படுத்தப்பட்டது. அங்கே வோட்டளிப்பவர் நேரில் நடந்து செல்ல வேண்டும்; வர இயலாதவருக்காக எதிர்க்கட்சியார் ஒருவர் வோட்டளிக்காமல் நின்றுகொள்வது கண்ணிய ஒப்பந்தம். 2018-ம் வருஷம் ஜூலையில் பிரசவித்திருந்த ஜோ ஸ்வின்ஸன் விஷயத்தில் அவ்வொப்பந்தம் முறிந்தது. ஆகவே 2019-ம் வருஷம் ஜனவரியில் டூலிப் சித்திக் தம் பிரசவ சிகிச்சையை ஒத்திவைத்து, சக்கர நாற்காலியில் வந்து வோட்டளித்தார். அம்மாதமே பிரதிநிதி மூலம் வோட்டளிக்கும் ஏற்பாடு வந்தது.

தொகுதிக்கு ஒருவர் என்னும் அதே முறையை நாமும் எடுத்துக்கொண்டிருக்கிறோம். சென்னை மாகாணம் 1921-ம் வருஷத்திலேயே மாதருக்கு வோட்டுரிமை தந்தது. 1927-ம் வருஷத்தில் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி சென்னை சட்டசபையின் உபதலைவரானார். ஆனால் அவர் நியமன அங்கத்தினர். 2024-ம் வருஷத் தேர்தலில் லோக் சபையின் 543 ஸ்தானங்களில் மாதர் வென்றவை 74. மூன்றில் ஒரு பங்கு ஸ்தானங்களை மாதருக்கு ஒதுக்கும் 106-வது அரசியற்சட்டத் திருத்தம் 2023-ம் வருஷத்தில் நிறைவேறியது. அத்திருத்தம் தொகுதியைத்தான் ஒதுக்குகிறது. அத்தொகுதியில் எவரை நிறுத்துவது, உழைத்து வந்தவரையா, காலியான நாற்காலிக்கு உரியவரின் மனைவியையா என்பதை அது கட்சிகளின் கமிட்டியிடமே விட்டிருக்கிறது.