குரலும் ஒரு தொழிலே

விளையாட்டு வர்ணனையாளர் என்றதும் விளையாட்டை நன்கு அறிந்தவர் என்றே பலரும் எண்ணுகிறோம். அந்த அறிவோடு மொழி வளமும் அவருக்கு வேண்டும். சாத்தான்குளம் அப்துல் ஜப்பாரின் வாழ்க்கை இதை எனக்கு உணர்த்தியது. தமிழ்நாட்டைச் சேர்ந்த அவர் நமது இலங்கை வானொலியில் நாடகங்களில் நடித்தவர். பின்னர் அகில இந்திய வானொலியில் தமிழ் கிரிக்கெட் நேர்முக வர்ணனையாளராகப் புகழ்பெற்றார். 2020இல் காலமானார்.

நாடகத்துக்கும் கிரிக்கெட்டுக்கும் என்ன தொடர்பு? வானொலி நாடகத்தில் மேடையும் இல்லை, வேடமும் இல்லை, குரலே எல்லாம். வானொலி வர்ணனையும் அப்படித்தான். பந்து எத்திசையில் போனது, யார் விரட்டுகிறார், எத்தனை ஓட்டம் என்பவற்றை அடுத்த பந்துக்குள் சொல்லிவிட வேண்டும். இப்போதுதான் வானொலியைப் போட்டவருக்காக ஓட்ட எண்ணிக்கையை அடிக்கடி நினைவூட்ட வேண்டும். தொலைக்காட்சியில் காட்சி கண்முன்னே இருக்கும். அங்கே ரசிகர் கவனிக்கத் தவறியதை எடுத்துச் சொல்ல வேண்டும். சில வேளை மௌனமாக இருக்கவும் தெரிய வேண்டும்.

உயர்தரத்தில் தமிழ் கற்கும் எங்களிடம், "தமிழ் படித்து என்ன தொழில் செய்வாய்?" என்று கேட்கிறார்கள். இதோ ஒரு தொழில். 2024இல் தம்புள்ளையில் இலங்கைப் பெண்கள் அணி இந்தியாவை வென்று ஆசியக் கிண்ணத்தைக் கைப்பற்றியது. அத்தகைய வெற்றியைத் தமிழில் சொல்லப் பெண் குரல்களும் வேண்டாமா? பெற்றோரே, வானொலிக் குரல் தேர்வுக்குப் போக விரும்பும் மகளைத் தடுக்காதீர்கள், துணைக்குச் செல்லுங்கள்.