நிழலுக்கும் முகம் தந்தவர்

பத்து காவான், நிபோங் திபால் வட்டாரத் தோட்டங்களில், திடலில் திரை கட்டிப் படம் போட்ட காலத்தை நினைவில் வைத்திருக்கும் பெரியவர்களிடம் பேசிப் பாருங்கள். நாயகன், நாயகி, பாடியவர், இசையமைத்தவர் என்று பெயர்கள் வரிசையாக வரும். படம்பிடித்தவர் யார் என்று கேட்டால் பேச்சு நின்றுவிடும். அந்த நாயகியின் முகத்தை இத்தனை காலம் நம் மனத்தில் நிறுத்தியவர் அவர்தான். ஆனாலும் அவர் பெயர் நமக்குத் தெரியாது.

இந்தித் திரையுலகில் அப்படி மறைந்து நின்றவர்களில் தலையானவர் ஜோசஃப் விர்ஷிங். 1903-இல் மியூனிக்கில் பிறந்த ஜெர்மானியர். அங்குள்ள எமெல்கா ஸ்டுடியோவில் தொழில் பழகினார். 1925-இல் வெளியான 'பிரேம் சன்யாஸ்' என்ற மௌனப் படத்துக்காக, இயக்குநர் ஃபிரான்ஸ் ஓஸ்டனின் குழுவோடு இந்தியா வந்தபோது அவர் இருபதுகளின் தொடக்கத்தில் இருந்த இளைஞர். புத்தரின் கதையைச் சொன்ன அந்தப் படத்தில் புத்தராக நடித்தவர் ஹிமான்ஷு ராய். அவரே 1934-இல் மும்பையின் மலாடில் 'பாம்பே டாக்கீஸ்' நிறுவனத்தைத் தொடங்கியபோது, ஓஸ்டனையும் விர்ஷிங்கையும் மறுபடி வரவழைத்துக்கொண்டார்.

தேவிகா ராணியும் அசோக் குமாரும் நடித்த 'அச்சுத் கன்யா' 1936-இல் வந்தது. தீண்டாமைக்கு எதிரான கதை. அதில் தேவிகா ராணியின் முகத்தைக் கவனித்துப் பாருங்கள். ஒரு கன்னத்தில் வெளிச்சம், மறு கன்னத்தில் மெல்லிய இருள், கூந்தலின் ஓரத்தில் பின்னாலிருந்து வரும் ஒளிக்கோடு. முகம் முழுவதும் ஒரே சீராக விளக்கடித்தால் ஆள் தெரியும், ஆனால் அவள் மனம் தெரியாது. எங்கே விளக்கு வைக்கக் கூடாது என்று முடிவெடுப்பதே ஒளிப்பதிவின் பாதி வேலை. ஜெர்மானிய மௌனப் படங்கள் வளர்த்தெடுத்த அந்த அறிவை மும்பைக்கு ஏற்றபடி மாற்றித் தந்தவர் விர்ஷிங்.

1939-இல் உலகப் போர் மூண்டது. ஜெர்மானியர் என்பதால் ஆங்கிலேய அரசு அவரைத் தடுப்பு முகாமில் அடைத்தது. கைதேர்ந்த ஒரு கலைஞரின் நல்ல ஆண்டுகள் முள்வேலிக்குள் போயின. ஆனால் அவர் பழக்கிவைத்த ஸ்டுடியோ நிற்கவில்லை. 1943-இல் ஆர்.டி. பரீஞ்சாவின் ஒளிப்பதிவில் அது எடுத்த 'கிஸ்மத்', கல்கத்தாவின் ராக்ஸி திரையரங்கில் மூன்று ஆண்டுகளுக்கு மேல் ஓடியது.

போர் முடிந்து வெளியே வந்தவர் ஊர் திரும்பியிருக்கலாம். அவர் இந்தியாவிலேயே தங்கினார். அப்படித் தங்கியதால்தான் 1949-இல் 'மஹல்' கிடைத்தது. கமால் அம்ரோஹியின் முதல் படம். பாழடைந்த மாளிகை, ஆடும் சரவிளக்கு, ஊஞ்சலில் பதினாறு வயது மதுபாலா. பேய் என்று ஒன்றைக் காட்டாமலே, இருளை மட்டும் வைத்து நம்மை அச்சுறுத்துகிறது. இந்தியப் பேய்ப்படங்களில் இதைவிட அழகாக ஒளியமைத்த படம் ஒன்று உண்டென்று நான் நினைக்கவில்லை.

அதே அம்ரோஹியின் 'பாகீஸா'தான் விர்ஷிங்கின் கடைசி வேலை. ஐம்பதுகளில் தொடங்கிய படம் பல தடைகளில் சிக்கி இழுத்துக்கொண்டே போனது. கறுப்பு வெள்ளையில் பழகிய கண், வண்ணத்திலும் அகலத்திரையிலும் மீனா குமாரியைச் சுற்றி ஓர் உலகத்தைக் கட்டியது. 1967-இல் விர்ஷிங் இறந்தார். மற்ற ஒளிப்பதிவாளர்கள் மிச்சத்தை முடித்துக்கொடுக்க, 1972 பிப்ரவரியில் படம் வெளியானது. தான் எடுத்த பெரிய படத்தை அவர் திரையில் பார்க்கவே இல்லை.

நம் மலேசியத் திரை வரலாறும் இதற்குத் தூரமில்லை. பினாங்கில் பிறந்த நடிகர் பி. ரம்லியை 'சிந்தா' படத்தில் அறிமுகம் செய்த பி.எஸ். ராஜ்ஹன்ஸ் இந்தியர். 'பக்தி'யில் ரம்லியை நாயகனாக்கிய எல். கிருஷ்ணன் சென்னையில் பிறந்த தமிழர். மலாய் சினிமாவுக்கு அடித்தளம் இட்டதில் கடல் கடந்து வந்த கைகளுக்குப் பெரிய பங்குண்டு. இயக்குநர்களின் பெயர்களாவது எஞ்சின. கேமரா பிடித்தவர்கள், விளக்குத் தூக்கியவர்கள், தோட்டம் தோட்டமாகப் படப்பெட்டி சுமந்தவர்கள் யாரென்று எங்கே எழுதி வைத்திருக்கிறோம்?

விர்ஷிங் எடுத்த ஆயிரக்கணக்கான புகைப்படங்களை அவர் குடும்பம் காப்பாற்றி வைத்தது. அதனால்தான் 2017-இல் கோவாவில் கண்காட்சி வைக்க முடிந்தது, பிறகு புத்தகமும் வந்தது. உங்கள் வீட்டில் தாத்தாவோ மாமாவோ சினிமாவில், திரையரங்கில், படக்கொட்டகையில் வேலை பார்த்திருந்தால், அவருடைய படங்களையும் தாள்களையும் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். படத்தின் பின்புறம் பெயரும் ஆண்டும் ஊரும் எழுதி வையுங்கள்.