சிரித்தபடி சொன்ன நெறியாளர்

செக் சினிமா என்றதும் நம்மிற் பலருக்கு மிலோஷ் ஃபோர்மன் நினைவுக்கு வருவார். அவர் அமெரிக்கா சென்று உலகப்புகழ் பெற்றவர். நான் இன்று பேச விரும்புவது, நாட்டிலேயே தங்கிவிட்ட அவருடைய சமகாலத்தவரான யிர்ஷி மென்ட்ஸெல் பற்றி. ஆங்கில எழுத்துகளைப் பார்த்து ஜிரி மென்ஸல் என எழுதுவோரும் உளர். 1938இல் பிராக் நகரிற் பிறந்த இவர் 2020இல் காலமானார்.

இவருடைய முதலாவது முழுநீளப் படம் 'கூர்ந்து கவனிக்கப்படும் புகையிரதங்கள்' (1966). சிறந்த பிறமொழிப் படத்துக்கான ஒஸ்கார் பரிசை 1968இல் பெற்றது. மூலக்கதை பொஹுமில் ஹ்ரபால் எழுதியது. ஜேர்மன் ஆக்கிரமிப்புக் காலத்தில், ஒரு சிறிய புகையிரத நிலையத்திலே வேலை பழகும் மிலோஷ் என்ற இளைஞனின் கவலை யுத்தமன்று. தன் ஆண்மை பற்றிய கூச்சம். அங்கே கடமைபுரியும் ஒருவர், தந்தி அனுப்பும் பெண்ணின் உடலில் நிலையத்து இறப்பர் முத்திரைகளைக் குத்திவிடுகிறார். விசாரணை நடக்கிறது. பெண்ணுக்கு இழைத்த அவமதிப்பு அங்கே குற்றமாகவில்லை. முத்திரையில் இருந்த ஜேர்மன் மொழியை இழிவுபடுத்தியதே குற்றமாகிறது! அதிகாரம் எவ்வளவு அபத்தமானது என்பதற்கு இதைவிட வேறு வியாக்கியானம் வேண்டுமா? இந்த விசாரணை நடந்துகொண்டிருக்கையிலேயே மிலோஷ் ஆயுதங்கள் ஏற்றிய புகையிரதத்தின்மீது குண்டைப் போடுகிறான், சுடப்பட்டு இறக்கிறான். சிரித்துக்கொண்டிருந்த நாம் திடுக்கிடுகிறோம். மென்ட்ஸெலின் பாணி இதுதான்: நகைச்சுவைக்கும் மரணத்துக்கும் இடையே அவர் சுவர் எழுப்புவதில்லை.

1968 ஆகஸ்டில் சோவியத் படைகள் செக்கோஸ்லோவாக்கியாவுக்குள் புகுந்தன. மறு ஆண்டு அவர் எடுத்த 'கயிற்றில் வானம்பாடிகள்' படமும் ஹ்ரபாலின் கதைகளைத் தழுவியதே. பழைய இரும்புக் கிடங்கொன்றில் பேராசிரியர், சட்டத்தரணி, இசைக்கலைஞர் போன்றோர் 'திருத்தப்படுவதற்காக' வேலை செய்கின்றனர். நாட்டைவிட்டு ஓட முயன்ற பெண் கைதிகளும் அங்கே உள்ளனர். கேள்வி கேட்பவர் காணாமற் போகிறார். ஆயினும் அந்தத் துருப்பிடித்த குவியல்களிடையே காதல் மலர்கிறது. கைதிகளைக் காக்கும் காவலாளியைக்கூட நெறியாளர் வெறுக்கவில்லை; அவனுக்கும் ஒரு கலியாணம், ஒரு தடுமாற்றம்.

படம் தடைசெய்யப்பட்டது. மென்ட்ஸெலும் சில ஆண்டுகள் படமெடுக்க முடியாமல் இருந்தார். பின்னர் 1974இல் அவர் எடுத்த படம் அணைக்கட்டுத் தொழிலாளர் பற்றியது. ஆட்சியாளருக்குக் கொடுத்த விலை என்றே அதை நான் கருதுகிறேன். வெளிநாடு சென்றவர்களுக்கு அந்த விலை இல்லை. ஆனால் செக் கிராமத்தின் பேச்சும் மதுச்சாலைக் கலகலப்பும் அவர்களுடைய படங்களில் மெல்ல மறைந்தன. மென்ட்ஸெலுக்கு அவை கைவிட்டுப் போகவில்லை. 'என் இனிய சின்னக் கிராமம்' (1985) படத்திலே, பருத்த லொறிச் சாரதியும் புத்தி மந்தமான அவருடைய உதவியாளனும் காலையில் ஒரே தாளத்தில் அடியெடுத்து வேலைக்குப் போகும் காட்சி ஒன்றே போதும்.

'கயிற்றில் வானம்பாடிகள்' ஏறத்தாழ இருபது ஆண்டுகள் பெட்டியிலே கிடந்தது. 1990இல் பேர்லின் விழாவிலே காட்டப்பட்டபோது, தங்கக் கரடி விருதை இன்னொரு படத்துடன் பகிர்ந்துகொண்டது.