கைக்கருவிகள் கதை – 11: படகுக்குத் தெரிந்தது, கரைக்குத் தெரியாதது

நாற்பது பக்க நோட்டு. அதைச் சுற்றி இரண்டு மடிப்பு பாலித்தீன் உறை. கன்னியாகுமரி மாவட்டம் தூத்தூரில் விசைப்படகு ஓட்டும் ஸ்ராங்கு ஒருவர் அதை என் முன்னால் விரித்த வேகத்திலேயே மூடிவிட்டார். கண்ணில் பட்டது ஒரே பக்கம். இடப்புறம் பார்களின் பெயர்கள், வலப்புறம் பால்பாயின்ட் பேனாவில் எண்கள். பார் என்றால் கடலடியில் கிடக்கும் பாறைத்திட்டு, மீன் கூடும் இடம். பெயரைப் படித்துவிட்டுப் போனால் அவருக்குக் கவலையில்லை. எண்ணைத்தான் படிக்க விடமாட்டார்.

“இதெல்லாம் ஜி.பி.எஸ். மெஷினுக்குள்ளயே இருக்குமே, நோட்டு எதுக்குண்ணே?” என்று கேட்டேன்.

“மெஷினு போனா வேற வாங்கலாம் சார். இந்த நம்பரு போனா எந்தக் கடையில வாங்க?”

அவருடைய அப்பாவுக்கு மெஷினும் கிடையாது, நோட்டும் கிடையாது. கணியம் பார்த்தே பாரைப் பிடித்தவர். கரையில் ஒரு கோயில் கோபுரம், அதற்குப் பின்னால் தூரத்தில் ஒரு மலைமுகடு. இரண்டும் ஒன்றின்மேல் ஒன்றாக விழுகிற மாதிரி நின்றால், படகு ஒரு கோட்டின் மேல் இருக்கிறது என்று பொருள். வேறு திசையில் இன்னொரு ஜோடி அடையாளம் எடுத்தால் இன்னொரு கோடு. இரண்டு கோடும் வெட்டுகிற இடத்தில் தூண்டிலை இறக்கினால் அடியில் பார். கரை கண்ணுக்கு மறைந்தாலோ மழை மூடினாலோ கணியம் கிடையாது.

சென்ற வாரம் ரத்த அழுத்தக் கருவியைப் பற்றி எழுதிய பிறகு, ‘எந்த ஜி.பி.எஸ். வாங்கலாம்?’ என்று கேட்டுக் கடிதங்கள் வந்தன. ஒருவருக்குத் தென்னந்தோப்பின் எல்லையை அளக்க வேண்டும். ஒருவருக்கு மலையேற்றம். இன்னொருவருடைய அப்பா, ஞாபக மறதியில் வீட்டைவிட்டு நடந்து போய்விடுகிறார். மூவரும் ஒரே பெயரைச் சொல்லிக் கேட்டாலும் மூவருக்கும் வேண்டியது வேறு வேறு பொருள். அது புரிய வேண்டுமானால், அந்தக் கணியம் இப்போது வானத்துக்குப் போய்விட்ட கதையைக் கொஞ்சம் பார்த்துவிட வேண்டும்.

மின்னல் வெட்டியதும் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணி, இடி எவ்வளவு தூரத்தில் விழுந்தது என்று சிறுவயதில் கணக்குப் போட்டிருப்போம். மூன்று எண்ணினால் ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர். ஜி.பி.எஸ். செய்வதும் அதே கணக்குதான். பூமிக்கு மேலே சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்தில் 30-க்கும் மேற்பட்ட செயற்கைக்கோள்கள் சுற்றுகின்றன. ஒவ்வொன்றும் ஓயாமல் ஒரே விஷயத்தைச் சொல்லிக்கொண்டிருக்கிறது: ‘நான் இன்ன கோள், இன்ன இடத்தில் இருக்கிறேன், இப்போது மணி இது.’ அந்தக் குரல் நம் கைக்கு வந்துசேர ஒரு நொடியில் பதினைந்தில் ஒரு பங்கு ஆகிறது. எவ்வளவு தாமதம் என்று தெரிந்தால் எவ்வளவு தூரம் என்று தெரியும். மூன்று கோள்களின் தூரம் தெரிந்தால் நிற்கும் இடம் தெரியும்.

ஆனால் ஒரு சிக்கல். குரல் ஒளி வேகத்தில் வருகிறது. கடிகாரம் ஒரு நொடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு தப்பினாலே 300 மீட்டர் தப்பிவிடும். கோளுக்குள் அணுக் கடிகாரம் இருக்கிறது. நம் கையில் இருப்பதோ மலிவான குவார்ட்ஸ். அந்தத் தப்பைக் கண்டுபிடித்துக் கழிக்கத்தான் நான்காவது கோள் வேண்டும். மேலே புவியீர்ப்பு குறைவு என்பதால் அங்குள்ள கடிகாரம் முந்தும், கோளின் வேகம் அதைக் கொஞ்சம் பிந்தவைக்கும்; கழித்துப் பார்த்தால் நாளுக்கு 38 மைக்ரோ நொடி முந்தி ஓடும். அதைத் திருத்தாமல் விட்டால் ஒரே நாளில் 10 கிலோமீட்டருக்கு மேல் பிழை சேர்ந்துவிடும். ஐன்ஸ்டைனின் சார்பியல் யாருக்கு உதவுகிறது என்று கேட்பவர்களிடம், உங்கள் வீட்டு வாசலுக்குச் சரியாக வந்துசேரும் ஆட்டோக்காரருக்கு என்று சொல்லலாம்.

இதில் கவனிக்க வேண்டியது, நம் கருவி காது மட்டும்தான். அதற்கு வாய் கிடையாது. நாம் எங்கே இருக்கிறோம் என்று எந்தச் செயற்கைக்கோளுக்கும் தெரியாது. ‘சேட்டிலைட்ல நம்மளைப் பாத்துக்கிட்டே இருக்காங்க’ என்று டீக்கடையில் சொல்வது வெறும் பேச்சு. ‘டவர் இல்ல, அதனால ஜி.பி.எஸ். எடுக்கல’ என்பதும் பாதிதான் உண்மை. இடத்தைக் கண்டுபிடிக்கச் சிம்மோ நெட்டோ தேவையில்லை. அந்த இடத்துக்கான வரைபடத்தை இறக்கத்தான் நெட் வேண்டும். வரைபடத்தை வீட்டிலேயே இறக்கி வைத்துக்கொண்டால், ஃபிளைட் மோடில் போட்ட போன்கூட வழி காட்டும். நெட் இருந்தால் ஒரு வசதி உண்டு. எந்தக் கோள் எங்கே இருக்கிறது என்ற பட்டியலைப் போன் நெட் வழியாகச் சட்டென்று வாங்கிக்கொள்ளும். நெட் இல்லாத கருவி அதைக் கோளிடமிருந்தே கேட்டு எழுதிக்கொள்ள வேண்டும். கோள் பேசும் வேகம் நொடிக்கு 50 பிட். முழுப் பட்டியலும் வந்துசேர 12 நிமிடம் 30 நொடி. ஒரு வருடம் பீரோவில் கிடந்த கருவியை எடுத்து ஆன் செய்ததும் அது விழித்துக்கொண்டே நின்றால், கெட்டுப்போய்விட்டது என்று முடிவுகட்டாமல் மொட்டை மாடியில் கொஞ்ச நேரம் வைத்துப் பாருங்கள்.

இது அமெரிக்க ராணுவத்தின் ஏற்பாடு. முதல் கோள் 1978-ல் போனது. 1983-ல் வழிதவறி சோவியத் வான்பரப்புக்குள் போன தென்கொரியப் பயணிகள் விமானம் சுட்டு வீழ்த்தப்பட்டு 269 பேர் இறந்த பிறகே, பொதுமக்களும் பயன்படுத்தலாம் என்று அதிபர் ரீகன் அறிவித்தார். அப்போதும் மக்களுக்கான குரலில் வேண்டுமென்றே பிழை கலக்கப்பட்டிருந்தது. 2000 மே மாதம்தான் அதை நிறுத்தினார்கள்.

இதேபோல் நம் நாட்டின் நாவிக்கும் இருக்கிறது. ஏழு கோள்கள் கொண்ட திட்டம், 2013-ல் ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து முதலாவது போனது. அது இடறியது ராக்கெட்டில் அல்ல, கடிகாரத்தில். வெளிநாட்டிலிருந்து வாங்கிப் பொருத்திய ரூபிடியம் கடிகாரங்கள் முதல் கோளில் மூன்றுமே நின்றுபோயின. கோள் நல்லபடியாக மேலே இருக்கிறது, ஆனால் மணி சொல்ல முடியவில்லை. இஸ்ரோ பிறகு சொந்தமாகவே அணுக் கடிகாரம் செய்து, 2023 மே 29-ல் போன கோளில் வைத்தது. 2025 ஜனவரியில் போன அடுத்த கோள் உரிய சுற்றுப்பாதையை எட்டவில்லை. ஆகவே ‘நாவிக் உள்ளது’ என்று பெட்டியில் அச்சடித்திருப்பதற்காக மட்டும் ஒரு போனைக் கூடுதல் விலைக்கு வாங்க வேண்டாம் என்பது என் கருத்து. இன்றைய போன்கள் அமெரிக்கா, ரஷ்யா, ஐரோப்பா, சீனா என்று எல்லாருடைய கோளையும் சேர்த்தே கேட்கின்றன. பெட்டியில் பார்க்க வேண்டியது இரட்டை அலைவரிசை, அதாவது எல்1, எல்5 இரண்டும் இருக்கிறதா என்பதை. நெருக்கமான கட்டடங்களுக்கு நடுவே சுவரில் மோதி வரும் எதிரொலியை ஒதுக்கித் தள்ள அது உதவுகிறது.

தென்னந்தோப்புக்காரருக்கு என் பதில் சுருக்கமானது: எதையும் வாங்காதீர்கள். திறந்த வானத்தின் கீழேயே போன் ஏறக்குறைய 5 மீட்டர் தப்பும். தென்னை ஓலைக்குக் கீழே இன்னும் மோசம். ஒரு சென்ட் நிலத்தைச் சதுரமாக வெட்டினால் ஒரு பக்கம் 6.4 மீட்டர்கூட வராது. பங்காளியோடு வரப்புத் தகராறுக்குப் போனைத் தூக்கிக்கொண்டு போனால் தகராறு கூடத்தான் செய்யும். சென்டிமீட்டர் கணக்கில் அளக்கிற ஆர்.டி.கே. கருவி வேறு ஜாதி. இடம் துல்லியமாகத் தெரிந்த ஒரு நிலையத்திலிருந்து திருத்தம் வாங்கிக்கொண்டே அளப்பது அது. சர்வேயர் கொண்டு வரட்டும்.

மலையேறுபவருக்குத் தனிக் கைக்கருவி நல்லதுதான். போனைவிடத் துல்லியம் என்பதற்காக அல்ல. சாதாரணப் பென் பேட்டரி இரண்டில் 20 மணி நேரத்துக்கு மேல் ஓடும், ஈரக்கையால் அமுக்கப் பித்தான் இருக்கும், தண்ணீரில் விழுந்தாலும் பிழைக்கும். ‘ஐபிஎக்ஸ்7’ என்று போட்டிருந்தால் ஒரு மீட்டர் ஆழத்தில் அரை மணி நேரம் தாங்கும் என்று அர்த்தம்.

வாங்கியதும் செய்ய வேண்டிய முதல் வேலை, அது இடத்தை எப்படி எழுதுகிறது என்று அமைப்புகளுக்குள் போய்ப் பார்ப்பது. இதை நான் அனுபவப்பட்டுச் சொல்கிறேன். ஒரு கல்வெட்டைத் தேடிப் போனபோது நண்பர் கொடுத்த குறிப்பில் அட்சரேகையின் டிகிரிக்குப் பிறகு 5.30 என்று இருந்தது. ஐந்து நிமிடம் முப்பது நொடி என்று நினைத்துத் தட்டிவிட்டேன். அவர் எழுதியது தசம நிமிடக் கணக்கில்: ஐந்து நிமிடம், அதற்கு மேல் தசமம் மூன்று. அதாவது ஐந்து நிமிடம் பதினெட்டு நொடி. பன்னிரண்டு நொடி வித்தியாசம், தரையில் 370 மீட்டர். கல்வெட்டுக்குப் பதில் பனங்காட்டுக்குள் நின்றேன். ஸ்ராங்கிடம் இதைச் சொன்னபோது சிரிக்கவில்லை. அவர் மெஷினும் தசம நிமிடத்தில்தான் காட்டும். அட்சரேகையில் ஒரு நிமிடம் என்றால் ஒரு கடல் மைல், 1852 மீட்டர், கடலில் கணக்குப் போட அதுவே வசதி. 370 மீட்டர் தள்ளி நின்றால் அவருக்கு அடியில் பார் இருக்காது, வெறும் மணல்தான்.

இனி வாய் உள்ள கருவிகள்.

2017 நவம்பர் கடைசியில் ஒக்கி புயல் அடித்தபோது தூத்தூர் படகுகள் பல ஆழ்கடலில் இருந்தன. சுறாவுக்கும் சூரைக்கும் வாரக்கணக்கில் தங்கும் படகுகள். ஜி.பி.எஸ். இல்லாமல் இந்தத் தொழிலே நடக்காது. கரையோடு பேசுகிற வி.எச்.எஃப். வயர்லெஸ்ஸோ இருபது இருபத்தைந்து கடல் மைலோடு சரி. புயல் வருகிற செய்தி அங்கே போய்ச் சேரவில்லை, அங்கிருந்து உதவி கேட்ட குரல் இங்கே வரவில்லை. குமரியிலும் கேரளத்திலும் நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் திரும்பவே இல்லை. பிழைத்த படகுகள் லட்சத்தீவுக்கும் மகாராஷ்டிரத்தின் தேவ்கட்டுக்கும் போய் ஒதுங்கின.

“எங்க நிக்கோம்னு எங்களுக்கு நல்லாத் தெரியும் சார். அத யாருகிட்ட சொல்ல?” என்றார் ஸ்ராங்கு.

கடைக்குப் போகும் எவரும் முதலில் தனக்குத்தானே கேட்டுக்கொள்ள வேண்டியது இதைத்தான். இடம் எனக்குத் தெரிய வேண்டுமா, எனக்காகக் காத்திருப்பவருக்குத் தெரிய வேண்டுமா? முதலாவதற்குக் காது போதும். இரண்டாவதற்கு வாய் வேண்டும், அந்த வாய் எதன் வழியாகப் பேசுகிறது என்று பார்க்க வேண்டும்.

ஒக்கிக்குப் பிறகு 2019-ல் ‘ஜெமினி’ வந்தது. கோள் வழியாக வரும் புயல் எச்சரிக்கையை வாங்கிப் படகிலிருக்கும் போனுக்குக் கொடுக்கும். ஆனால் அதுவும் காதுதான், கரை பேசும், கடல் கேட்கும். இரண்டு பக்கமும் செய்தி போய்வருகிற, ஆபத்துக்கு அமுக்கப் பித்தான் வைத்த டிரான்ஸ்பாண்டர்கள் அதற்குப் பிறகே படகேறின. ஒரு லட்சம் படகுகளுக்குப் பொருத்தும் மத்திய அரசின் திட்டம் 2024-ல் தொடங்கியது.

மலையேறுபவர்கள் இதைப் படித்துவிட்டு வெளிநாட்டிலிருந்து செயற்கைக்கோள் செய்திக் கருவியை வரவழைக்க வேண்டாம். உரிமம் இல்லாமல் செயற்கைக்கோள் போனோ செய்திக் கருவியோ வைத்திருப்பது இந்தியாவில் குற்றம். தெரியாமல் பையில் போட்டுக்கொண்டு வந்த வெளிநாட்டுப் பயணிகள் விமான நிலையத்திலேயே மாட்டியிருக்கிறார்கள். போகும் வழியையும் திரும்பும் நேரத்தையும் அடிவார ஊரில் ஒருவரிடம் சொல்லிவிட்டுப் போங்கள்.

ஊருக்குள் என்றால் சிம் போட்ட டிராக்கர். கோளைக் கேட்டு, இடத்தைக் கணக்கிட்டு, செல்போன் டவர் வழியாக அனுப்பும். பஸ்ஸிலும் வாடகை வண்டியிலும் இருப்பது இதுதான். மலிவாகக் கிடைப்பவை பெரும்பாலும் 2ஜி கருவிகள். அவற்றில் ஜியோ சிம் வேலை செய்யாது, வாங்கும் முன் கேட்டுக்கொள்ளுங்கள். சாவிக்கொத்தில் மாட்டுகிற ஏர்டேக் மாதிரியான வில்லைகளை ஜி.பி.எஸ். என்று சொல்லியே விற்கிறார்கள். அவற்றுக்குள் ஜி.பி.எஸ். கிடையாது. பக்கத்தில் போகிற யாரோ ஒருவருடைய போன், புளூடூத்தில் அதன் சத்தத்தைக் கேட்டு இடத்தைச் சொல்கிறது, அவ்வளவுதான். ஒரு சின்ன பட்டன் பேட்டரியில் ஒரு வருடம் ஓடுவதன் ரகசியமும் அதுவே. ரயில் நிலையத்தில் தவறிய பெட்டிக்கு அது அருமையான பொருள். ஆள் நடமாட்டம் இல்லாத கண்மாய்க்கரைக்கு உதவாது.

அப்பாவுக்காகக் கேட்ட வாசகருக்கு: சிம் போட்ட கைக்கடிகாரம் வாங்குங்கள். வீட்டுக்குள் சுவர் மறைப்பதால் நாலு வீடு தள்ளிக் காட்டும், பதறாதீர்கள். தினமும் சார்ஜ் போட வேண்டியிருக்கும். அவர் உறங்கிய பிறகு கழற்றிச் சார்ஜ் போட்டால், விடியற்காலையில் எழுந்து கடிகாரம் இல்லாமலே கிளம்பிவிடக்கூடும். அவர் உட்கார்ந்து டிபன் சாப்பிடுகிற நேரத்தில் போடுங்கள். கூடவே அவருடைய எல்லாச் சட்டைகளிலும் காலருக்கு உள்பக்கம் உங்கள் போன் எண்ணைத் தைத்து வையுங்கள். அதற்குச் சார்ஜ் வேண்டாம்.

(அடுத்த வாரம்: எடை மிஷின்)