'ர' வராத சிறுவன், குரலால் உலகப் புகழ் பெற்றான்!

சினிமாவில் புகழ் பெற என்ன வேண்டும்?

அழகான முகம் வேண்டும் என்பார்கள். நல்ல உயரம் வேண்டும் என்பார்கள்.

முகத்தையே காட்டாமல் நடித்து, ஒரே படத்தில் பெரிய நடிகர் ஆகிவிட்டார் ஒருவர்!

அவர் பெயர் கிளாட் ரெயின்ஸ். இங்கிலாந்து நாட்டுக்காரர்.

அவருக்குப் புகழ் தேடித் தந்தது அவருடைய குரல். ஆனால் அது பிறவியிலேயே வந்த வரம் அல்ல. சிறு வயதில் அவருக்குப் பேச்சே சரியாக வராது!

பேப்பர் விற்ற பையன்

1889-ம் ஆண்டு நவம்பர் 10-ந் தேதி, லண்டன் நகரில் ஓர் ஏழைக் குடும்பத்தில் அவர் பிறந்தார். தந்தையும் நடிகர்தான். ஆனால் வருமானம் போதாது. உடன்பிறந்தவர்களில் பலர் குழந்தைப் பருவத்திலேயே இறந்துவிட்டார்கள்.

வில்லி என்பது சிறுவனின் செல்லப் பெயர். அவன் பள்ளிக்கூடத்துக்கு அதிக நாள் போகவில்லை. தெருவில் பேப்பர் விற்றான். கிடைத்த சில்லறைக் காசைத் தாயிடம் கொண்டுபோய்க் கொடுத்தான்.

அவனுக்கு நாக்குத் திக்கும். 'ர' என்ற எழுத்து வாயில் நுழையாது. "உன் பெயர் என்ன?" என்று கேட்டால், 'வில்லி ரெயின்ஸ்' என்று சொல்ல வராது. 'வில்லி வெயின்ஸ்' என்றுதான் வரும்!

போதாக்குறைக்குக் கொச்சைப் பேச்சு வேறு. லண்டன் ஏழைத் தெருக்களில் பேசும் ஆங்கிலம் தனி ரகம். சொல்லின் முதலில் வரும் 'ஹ' ஓசையை விழுங்கிவிடுவார்கள். 'ஹவுஸ்' என்பது 'அவுஸ்' ஆகிவிடும். அப்படிப் பேசுகிறவனுக்கு அந்தக் காலத்து லண்டன் மேடையில் நல்ல வேஷம் கிடைக்காது.

கதவைத் தட்டும் வேலை

வில்லிக்கு 10 வயது. ஒரு நாடகத்தில், கூட்டமாக வரும் சிறுவர்களில் ஒருவனாக மேடை ஏறினான். அன்று பிடித்தது நாடக ஆசை. அது கடைசி வரை விடவில்லை.

நடிக்க இடம் கிடைக்கவில்லை. அதற்காக அவன் நாடகக் கொட்டகையை விட்டுப் போய்விடவும் இல்லை. லண்டனில் 'ஹிஸ் மெஜஸ்டிஸ் தியேட்டர்' என்ற பெரிய நாடக அரங்கில் எடுபிடி வேலைக்குச் சேர்ந்தான்.

என்ன வேலை?

நடிகர்கள் வேஷம் போட்டுக்கொண்டு தங்கள் அறையில் இருப்பார்கள். யாருடைய கட்டம் வரப்போகிறதோ, அவர் அறைக் கதவைத் தட்டி, நேரம் ஆகிவிட்டது என்று சொல்லவேண்டும். அதுதான் வேலை.

பிறகு அவனுக்கு உத்தியோக உயர்வு கிடைத்தது. திரை மறைவில் நின்று, வசனத்தை மறந்துபோன நடிகர்களுக்கு எடுத்துக் கொடுக்கும் வேலை!

தன் பெயரைத் திருத்தமாகச் சொல்லத் தெரியாதவன், மற்றவர்களுக்கு வசனம் எடுத்துக் கொடுத்தான்.

முதலாளி செய்த உதவி

அந்தக் கொட்டகையை நடத்தியவர் ஹெர்பர்ட் பீர்போம் ட்ரீ. அந்நாளில் இங்கிலாந்தின் புகழ் பெற்ற நடிகர் அவர்.

பையனிடம் ஏதோ திறமை இருக்கிறது என்று ட்ரீ கண்டுகொண்டார். "உனக்கு நடிப்பு வராது, போ" என்று அவர் விரட்டவில்லை. உச்சரிப்புப் பயிற்சிக்குப் பணம் கொடுத்து உதவினார்.

வில்லி விடாமல் பயிற்சி செய்தான். ஒரு நாள் இரண்டு நாள் அல்ல. வருடக்கணக்கில்! திக்கிய நாக்கு திருந்தியது. 'ர' வந்தது. கொச்சை போயிற்று.

எடுபிடிப் பையன், உதவி மேனேஜர் ஆனான். நாடகக் குழுவுடன் ஆஸ்திரேலியாவுக்கும் அமெரிக்காவுக்கும் போய் வந்தான். நடிகனாகவும் வளர்ந்தான்.

பறிபோன பார்வை

1914-ம் ஆண்டு முதல் உலகப் போர் மூண்டது. ரெயின்ஸ் பட்டாளத்தில் சேர்ந்தார்.

1916-ல் பிரான்ஸ் நாட்டில், விமி என்ற இடத்துக்கு அருகே, எதிரிகள் விஷ வாயுவை ஏவினார்கள். அதில் ரெயின்சின் வலது கண் பாதிக்கப்பட்டது. அந்தக் கண்ணில் பார்வை ஏறக்குறைய முழுவதும் போய்விட்டது. அது திரும்பவே இல்லை.

சாதாரணச் சிப்பாயாகப் போனவர், கேப்டனாகத் திரும்பினார். ஒரு கண்ணை வைத்துக்கொண்டே மறுபடி மேடை ஏறினார். தன் குறையை ஊரறியச் சொல்லிக்கொள்ளவில்லை.

மாணவன் வாத்தியார் ஆனார்

நடிப்புக் கற்றுக் கொடுப்பதற்காக 1904-ல் லண்டனில் ஒரு பள்ளியைத் தொடங்கியவர், அதே ட்ரீதான். பின்னர் 'ராயல்' என்ற பட்டம் பெற்ற புகழ் மிக்க கலைக்கூடம் அது.

போருக்குப் பிறகு ரெயின்ஸ் அங்கே ஆசிரியர் ஆனார். பேச்சு வராத பையன், மற்றவர்களுக்குப் பேசவும் நடிக்கவும் சொல்லிக் கொடுத்தார்!

ஜான் கில்குட், சார்லஸ் லாட்டன் ஆகிய இருவரும் அவரிடம் படித்தவர்கள். இருவரும் பிற்காலத்தில் உலகப் புகழ் பெற்றார்கள். இருவருமே 'ஆஸ்கார்' பரிசு வாங்கினார்கள்.

குரல் கொடுத்த வாழ்வு

1926-ல் ரெயின்ஸ் மீண்டும் அமெரிக்கா போனார். நியூயார்க் நகரில் நாடகங்களில் நடித்தார். சினிமாவில் சேர முயன்றார். ஒரு படக் கம்பெனி அவரை நடிக்கவைத்துச் சோதனைப் படம் எடுத்தது. வேஷம் கிடைக்கவில்லை!

ஆனால் அந்தச் சோதனைப் படம் வீண் போகவில்லை. ஜேம்ஸ் வேல் என்ற டைரக்டர் அதைப் பற்றிக் கவலைப்படவில்லை. அதில் வந்த குரலைத்தான் கவனித்தார். 'இந்தக் குரல்தான் எனக்கு வேண்டும்' என்று முடிவு செய்தார்.

அவர் எடுக்க இருந்த படம், 'கண்ணுக்குத் தெரியாத மனிதன்'. எச்.ஜி. வெல்ஸ் என்ற ஆங்கில எழுத்தாளர் 1897-ல் வெளியிட்ட கதை. ஒரு விஞ்ஞானி மருந்து கண்டுபிடித்து, உருவம் தெரியாதவனாக மாறிவிடுகிறான். பிறகு அதிகார வெறி பிடித்து அலைகிறான்.

படம் 1933-ல் வெளிவந்தது. சட்டை நடந்து வந்தது. மேலே தலை இல்லை! மக்கள் திகைத்துப்போனார்கள்.

அதை எப்படி எடுத்தார்கள்?

நடிகருக்குத் தலை முதல் கால் வரை கறுப்பு வெல்வெட் துணியால் உடை போட்டார்கள். அதற்கு மேல் சாதாரணச் சட்டையை மாட்டினார்கள். பின்னாலும் கறுப்பு வெல்வெட் திரை. கறுப்போடு கறுப்பு கலந்துவிடும். சட்டை மட்டும் படத்தில் விழும். அதை, அறையைக் காட்டும் படத்துடன் சேர்த்து அச்சிட்டார்கள்.

படம் முழுவதும் ரெயின்சின் முகம் துணிக் கட்டுக்குள் மறைந்திருக்கும். அல்லது உருவமே தெரியாது. கடைசிக் காட்சியில், அவன் சாகும்போதுதான் முகம் தெரியும்.

கோபம், சிரிப்பு, ஆணவம், வேதனை எல்லாவற்றையும் குரலிலேயே காட்டினார் ரெயின்ஸ். அப்போது அவருக்கு வயது 44. மற்ற நடிகர்கள் ஓய்வைப் பற்றி நினைக்கும் வயதில், அவருக்குச் சினிமா வாழ்வு பிறந்தது.

வில்லன், ஆனாலும் மனிதன்

ரெயின்ஸ் குள்ளமானவர். 'நட்டோரியஸ்' படத்தில் (1946), கதாநாயகி இங்ரிட் பெர்க்மன் அவரைவிட உயரம். இருவரும் சேர்ந்து நடக்கும் காட்சியில், ரெயின்ஸ் நடப்பதற்கு உயரமான பலகை போட்டுப் படம் பிடித்தார்கள்!

அதனால் காதல் மன்னன் வேஷங்கள் அவருக்கு அதிகம் வரவில்லை. அவர் குணச்சித்திர நடிகர் ஆனார். பெரும்பாலும் வில்லன் வேஷம்.

அவருடைய வில்லன்கள் வெறும் அரக்கர்கள் அல்ல. 'மிஸ்டர் ஸ்மித் கோஸ் டு வாஷிங்டன்' படத்தில் (1939) அவர் நெறி தவறிய அரசியல்வாதி. கடைசியில் மனச்சாட்சி அவரைக் குத்துகிறது. 'காசாபிளாங்கா' படத்தில் (1942) லஞ்சம் வாங்கும் போலீஸ் அதிகாரி; முடிவில் நல்லவர் பக்கம் சேர்ந்துவிடுகிறார். 'நட்டோரியஸ்' படத்தில் நாஜிக் கூட்டத்தைச் சேர்ந்தவர். ஆனால், மனைவியை நம்பி ஏமாந்து நிற்கும்போது பார்ப்பவர்களுக்குப் பரிதாபம் உண்டாகும்.

கெட்டவனுக்குள்ளும் ஒரு மனிதன் இருக்கிறான் என்பதை அவர் காட்டினார்.

சிறந்த துணை நடிகருக்கான 'ஆஸ்கார்' பரிசுக்கு அவர் பெயர் 4 தடவை சிபாரிசு செய்யப்பட்டது. 4 தடவையும் பரிசு வேறு ஒருவருக்குப் போய்விட்டது. மாணவர்கள் இருவரும் பெற்ற பரிசு, வாத்தியாருக்குக் கிடைக்கவே இல்லை!

நாடக மேடை அவரைக் கைவிடவில்லை. 1951-ல், தன் 61-வது வயதில், 'டார்க்னஸ் அட் நூன்' என்ற நாடகத்தில் நடித்தார். தன் சொந்த அரசாங்கத்தாலேயே சிறையில் அடைக்கப்பட்ட ஒரு பழைய புரட்சிக்காரரின் வேஷம். அதற்காக, அமெரிக்க நாடக உலகின் பெரிய பரிசான 'டோனி' அவருக்குக் கிடைத்தது.

மகளும் பழைய படமும்

படப்பிடிப்பு இல்லாத நாட்களில் ரெயின்ஸ் விவசாயி! பென்சில்வேனியா மாநிலத்தில் பண்ணை வாங்கி, பயிர் செய்தார்.

1950-ல் பக்கத்து ஊரில் 'கண்ணுக்குத் தெரியாத மனிதன்' படம் மறுபடி ஓடியது. மகளைக் கூட்டிக்கொண்டு ரெயின்ஸ் போனார். இது மகள் பின்னாளில் சொன்ன செய்தி.

படம் ஓடும்போது, "இது இப்படி எடுத்தது, அது அப்படி எடுத்தது" என்று மகளுக்கு விளக்கிக்கொண்டிருந்தார். அக்கம்பக்கத்தில் இருந்தவர்கள் யாரும், "சும்மா இரு" என்று அதட்டவில்லை. படத்தை மறந்துவிட்டு, அவர் பேச்சையே கேட்டுக்கொண்டிருந்தார்களாம்!

1962-ல் வெளிவந்த 'லாரன்ஸ் ஆப் அரேபியா' படத்திலும் ரெயின்ஸ் நடித்தார். 1965-ல் அவருடைய கடைசிப் படம் வந்தது. 1967-ம் ஆண்டு மே 30-ந் தேதி, அமெரிக்காவில் காலமானார். அப்போது அவருக்கு வயது 77.

திக்குவாய்ப் பையன் என்று ட்ரீ அவரை ஒதுக்கியிருந்தால், அந்தக் குரல் லண்டன் தெருவில் பேப்பர் விற்றதோடு போயிருக்கும். ஒருவர் கை கொடுத்தார். மற்றவர் அதைப் பிடித்துக்கொண்டு உழைத்தார். அந்தக் குரலை இன்றும் திரையில் கேட்கலாம்.