காலத்தைக் கட்டி ஆண்ட வாத்தியங்கள்

மாயக் கதைகளில் மந்திர வீணை ஒன்று வருவதுண்டு. அதன் தந்தியை ஒரு முறை மீட்டினால் அரண்மனையில் உள்ளவர்கள் அத்தனை பேரும் நின்ற இடத்தில் நின்றபடியே நூறு வருஷம் தூங்கிப் போவார்கள். மறு முறை மீட்டினால், உலையில் பாதி வெந்திருந்த அரிசி மேற்கொண்டு கொதிக்கத் தொடங்கும். "இப்படியும் ஒரு வாத்தியம் உண்டா?" என்று குழந்தைகள் கேட்கும்போது நாம் சிரித்து மழுப்பிவிடுகிறோம். ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் இராஜபாளையத்துக்கும் ஒரு நடை போய் வந்தால் அவ்வளவு சுலபமாகச் சிரிக்கத் தோன்றாது. இரண்டு ஊர்களுக்கும் இடையே சுமார் 12 கிலோமீட்டர்தான். அந்தச் சிறிய வட்டாரத்திலேயே காலத்தை ஆட்டிவைத்த வாத்தியங்கள் மூன்று இருக்கின்றன.

முதலாவது, மணி. 1623 முதல் 1659 வரை மதுரையை ஆண்ட திருமலை நாயக்கர் ஆண்டாளிடம் அளவற்ற பக்தி கொண்டவர். ஸ்ரீவில்லிபுத்தூரில் ஆண்டாளுக்கு உச்சிக்கால பூஜை முடிந்த பிறகே மதுரையில் அவர் போஜனத்துக்கு உட்காருவார் என்று கர்ண பரம்பரையாகச் சொல்லி வருகிறார்கள். பூஜை முடிந்த செய்தி மதுரைக்கு எட்டுவதற்காக வழிநெடுக மண்டபங்கள் கட்டி, ஒவ்வொன்றிலும் மணி தொங்கவிட்டிருந்தார்களாம். கோயில் மணி கேட்டதும் முதல் மண்டபத்துக் காவற்காரன் தன் மணியை அடிப்பான். அதைக் கேட்டு அடுத்தவன் அடிப்பான். இப்படியே நாதம் மதுரைக்கு ஓடிவரும்.

நாமும் ஒரு கணக்குப் போட்டுப் பார்க்கலாம். இரண்டு ஊர்களுக்கும் நடுவே சாலை வழியாகச் சுமார் 75 கிலோமீட்டர். சப்தம் காற்றில் விநாடிக்கு ஏறக்குறைய 345 மீட்டர் செல்லும். ஆகவே ஓசை ஓடுவதற்கு நாலு நிமிஷங்கூட வேண்டாம். 3 கிலோமீட்டருக்கு ஒரு மண்டபம் என்று வைத்துக்கொண்டால் 25 பேர் கயிறு இழுக்க வேண்டும்; ஆளுக்கு 5 விநாடி தாமதம் என்றால் இன்னும் இரண்டு நிமிஷம். நல்ல குதிரைக்கும் அரைநாள் பிடிக்கும் வழியை மணியோசை ஆறே நிமிஷத்தில் கடந்துவிடுகிறது!

இதைவிட விசித்திரம் ஒன்று உண்டு. ஸ்ரீவில்லிபுத்தூர், மதுரைக்கு மேற்கே ஏறக்குறைய அரைப் பாகை தள்ளியிருக்கிறது. அதனால் மதுரையில் சூரியன் உச்சிக்கு வந்து இரண்டு நிமிஷம் சென்ற பிறகே அங்கே உச்சிக்கு வரும். மதுரை நகரம் முழுவதும் நடுப்பகல் தாண்டிப் போயிருக்கும். மகாராஜாவின் இலைக்கு முன்னால் மட்டும் நடுப்பகல் இன்னும் பிறந்திராது. நடுவழியில் ஒரு காவற்காரன் கொஞ்சம் கண்ணயர்ந்துவிட்டால், நாடாளும் மன்னர் பட்டினியோடு காத்திருக்க வேண்டியதுதான்! திருச்செந்தூர் மணிக்காகப் பாஞ்சாலங்குறிச்சியில் வீரபாண்டிய கட்டபொம்மன் காத்திருந்ததாகவும் இதே போன்ற கதை உண்டு. 1799-ல் வெள்ளைக்காரர்கள் அந்த வீரரைக் கயத்தாற்றில் தூக்கிலிட்டார்கள். மணிக்காகக் காத்திருந்த அரசர்களின் காலமும் அத்துடன் முடிந்தது.

இரண்டாவது, கைத்தாளம். மார்கழி மாதத்து அத்யயன உத்ஸவத்தில் ஸ்ரீவில்லிபுத்தூரில் அரையர் சேவை நடக்கிறது. நாதமுனிகள் தம் மருமக்கள் இருவருக்குப் பயிற்றுவித்த கலை என்பது வைஷ்ணவ சம்பிரதாயம். ஸ்ரீரங்கம், ஆழ்வார்திருநகரி முதலிய வெகு சில தலங்களில்தான் இன்று அது எஞ்சியிருக்கிறது. தலையில் கூம்பு வடிவமான குல்லாய், கையில் ஒரு ஜோடித் தாளம். அரையருக்கு வேறு பக்கவாத்தியம் கிடையாது. அந்தத் தாளத்தைத் தட்டிக்கொண்டு பாசுரத்தைப் பாடுகிறார், அபிநயிக்கிறார், வியாக்கியானமும் சொல்லுகிறார். முத்துக்குறி நடக்கும்போது காதல் நோயுற்ற பெண், கவலைப்படும் தாய், முத்துக்களைப் போட்டுக் குறி சொல்லும் குறத்தி ஆகிய எல்லோரும் அவர் ஒருவரே. தாளம் ஒலிக்கும் வரையில் நமக்கும் ஆழ்வார்களுக்கும் இடையே உள்ள ஆயிரத்துச் சொச்சம் வருஷங்கள் மறைந்து போகின்றன. ஆனால் இக்கலை சில குடும்பங்களில் தந்தையிடமிருந்து மகனுக்கு வருவது. ஒரு தலைமுறை தாளத்தைக் கீழே வைத்துவிட்டால், அடுத்த தலைமுறை யாரிடம் போய்க் கற்றுக்கொள்ளும்?

மூன்றாவது, சங்கு. திருப்பாவையில் ஆண்டாள் விடியற்காலையை அறிந்துகொள்ளும் வகையே அழகானது. பறவைகளின் ஒலி, கோயிற் சங்கின் முழக்கம், தயிர் கடையும் அரவம், வெள்ளி எழுந்து வியாழன் மறையும் வானம் ஆகிய இவைதாம் அவளுக்குக் கடிகாரம். அந்த வானக் குறிப்பைக் கொண்டே மு. இராகவையங்கார் ஆண்டாளின் காலத்தைக் கி.பி. 731-ஐ ஒட்டிக் கணித்தார்.

இராஜபாளையத்துச் சங்கு வேறு விதமானது. 1936-ல் பி. ஏ. சி. ராமசாமி ராஜா அங்கே நூற்பாலையைத் தொடங்கினார். ஊர் ஆலைகளின் ஊராயிற்று. ஆலையின் ஊதுகுழலுக்கும் தமிழ் மக்கள் 'சங்கு' என்றே பெயர் வைத்தார்கள். கோயிற் சங்கு சூரியனைப் பார்த்து ஊதுவது; ஆலைச் சங்கு கடிகாரத்தைப் பார்த்து ஊதுவது. அந்தக் கடிகாரமோ 1906 முதல் நாட்டுக்கெல்லாம் பொதுவான 82½ பாகைத் தீர்க்கரேகையின் மணியைக் காட்டுகிறது. இந்த வட்டாரத்தில் சூரியன் உச்சிக்கு வரும்போது அதில் சராசரி 12 மணி 20 நிமிஷம் ஆகியிருக்கும்.

மணிக்காக அரசர் காத்திருந்தார். சங்குக்காகத் தொழிலாளி ஓடினார். இந்த ஆலை எழுந்த சமயத்தில் 1934-ம் வருஷத்துச் சட்டப்படி, வருஷம் முழுவதும் ஓடும் ஆலைகளில் வாரத்துக்கு 54 மணி நேரம் வரையில் வேலை வாங்கலாம். 1946-ல் அது 48 ஆகக் குறைந்தது. சுதந்திர இந்தியாவின் 1948-ம் வருஷத்துச் சட்டமும் அதையே நிலைநிறுத்தியது. அந்த ஆறு மணி நேரத்தைச் சங்கு தானாக விட்டுக் கொடுக்கவில்லை. ஊதுகிறவர் கையிலிருந்து சட்டம் அதை மீட்டுத் தந்தது. மீட்ட நேரத்தை எப்படிச் செலவழிப்பது என்பதற்கும் அந்த ஊரிலேயே வழிகாட்டி ஒருவர் இருந்தார். 1949 முதல் 1952 வரை சென்னை ராஜ்யத்தின் முதன் மந்திரியாக இருந்த பி. எஸ். குமாரசாமி ராஜா, தம் சொந்த வீட்டையே காந்தி கலை மன்றத்துக்காகக் கொடுத்துவிட்டார்.

இன்று பல கோயில்களில் பொத்தானை அமுக்கினால் மேளமும் சேகண்டியும் மோட்டாரின் உதவியால் தாமே முழங்குகின்றன. நேரம் தவறுவதில்லை, யாரும் தூங்கிவிட்டார்கள் என்ற புகாருக்கும் இடமில்லை. ஆனால் அடுத்த மணி கேட்கிறதா என்று காது கொடுத்துக் காத்திருக்கும் மனிதரும் அங்கே இல்லை. சித்திரைதோறும் ஆண்டாள் சூடிக் களைந்த மாலை ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து மதுரைக் கள்ளழகருக்கு இன்னமும் போய்க்கொண்டிருக்கிறது. மணியோசை ஓடிவந்ததாகச் சொல்லும் அதே திசையில்தான் போகிறது. வருகிற மார்கழியில் அந்தப் பக்கம் போகிறவர்கள், மந்திர வீணையைப் பற்றிக் கேள்வி கேட்கும் குழந்தைகளையும் அழைத்துக்கொண்டு போய் அரையரின் தாளத்துக்கு அருகில் உட்கார வைக்கட்டும்.